சோற்றுக்காகச் செய்த ஒப்பந்தம்: 1952 இல் இலங்கை பெரிய நாடுகளுடன் பேசிய விதம்



கொஞ்சம் நீளமான பதிவு. நேரம் கிடைக்கும்போது ஆறுதலாக வாசியுங்கள்.

துறைமுகத்துக்கு ஒரு வெளிநாட்டுக் கப்பல் வந்தாலும், ஒரு தூதுவர் ஓர் அமைச்சரைச் சந்தித்தாலும், நம்மிடையே உடனே எழும் கேள்வி ஒன்றுதான். "அப்ப நாம யாருட பக்கம்? சீனாவா, இந்தியாவா, அமெரிக்காவா?" வரலாற்றுப் பாடம் எடுக்கும்போது உயர்தர வகுப்புப் பிள்ளைகளும் இதையேதான் கேட்கிறார்கள்.

யாருடைய பக்கம் என்று தொடங்கினால் சிறிய நாட்டுக்கு ஒருபோதும் நல்ல விடை கிடைக்காது. எங்களுக்கு என்ன தேவை, அதை யார் என்ன நிபந்தனையில் தருகிறார்கள் என்று தொடங்கினால் கொஞ்சம் வழி தெரியும். இது புத்தகத்தில் மட்டும் உள்ள பேச்சு அல்ல. நம் நாடே ஒரு தடவை இதைச் செய்து காட்டியிருக்கிறது. 1952 ஆம் ஆண்டின் இறப்பர்–அரிசி உடன்படிக்கை பரீட்சைக்கு இரண்டு வரியாகப் பாடமாக்கப்படும் விடயம். அதன் உள்ளே போய்ப் பார்த்தால் இன்றைக்கும் பயன்படும் பாடங்கள் இருக்கின்றன.

*அன்றைய இலங்கை*

1948 பெப்ரவரி 4 இல் சுதந்திரம் கிடைத்தபோது இலங்கை மூன்று பொருட்களை விற்றுச் சீவித்த நாடு. தேயிலை, இறப்பர், தெங்கு. ஏற்றுமதி வருமானத்தில் 90 சதவீதத்துக்கு மேல் இந்த மூன்றிலிருந்துதான் வந்தது. ஆனால் மக்கள் சாப்பிட்ட அரிசியில் பாதிக்கும் மேல் வெளியிலிருந்து வந்தது, பெரும்பாலும் பர்மாவிலிருந்தும் தாய்லாந்திலிருந்தும். கல்லோயாத் திட்டம் 1949 இல்தான் தொடங்கியிருந்தது. கிழக்கின் வயல்கள் நாட்டுக்கே சோறு போடும் நிலைக்கு அப்போது வரவில்லை.

பாதுகாப்பு விடயத்தில் நாம் பிரித்தானியாவை நம்பியிருந்தோம். 1947 நவம்பரில் செய்த பாதுகாப்பு ஒப்பந்தத்தின்படி திருகோணமலையில் பிரித்தானியக் கடற்படையும் கட்டுநாயக்கவில் அதன் விமானப்படையும் தொடர்ந்து இருந்தன. இதைக் காரணம் காட்டித்தான் சோவியத் யூனியன், "இது உண்மையான சுதந்திர நாடு அல்ல" என்று சொல்லி, ஐக்கிய நாடுகள் சபையில் இலங்கை சேருவதை வீட்டோ அதிகாரத்தால் தடுத்தது. 1955 டிசம்பர் வரை நாம் அந்தச் சபைக்கு வெளியேதான் நின்றோம். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

*கொரிய யுத்தமும் இறப்பர் விலையும்*

1950 ஜூனில் கொரிய யுத்தம் தொடங்கியது. யுத்தம் என்றால் லொறி, விமானம், டயர். இறப்பர் விலை மளமளவென்று ஏறியது. களுத்துறை, கேகாலை, இரத்தினபுரிப் பக்கத்துத் தோட்டக்காரர்களுக்கும் சிறு இறப்பர் வியாபாரிகளுக்கும் அது நல்ல காலம். ஆனால் அது நீடிக்கவில்லை. அமெரிக்கா செயற்கை இறப்பர் உற்பத்தியைப் பெருக்கியது. தேவையான அளவு வாங்கிச் சேமித்த பிறகு கொள்வனவையும் குறைத்தது. 1951 இன் தொடக்கத்தில் உச்சத்தில் நின்ற விலை கீழே இறங்கத் தொடங்கியது.

அதே வருடம் மே 18 இல் ஐ.நா. பொதுச்சபை ஒரு தீர்மானம் நிறைவேற்றியது. கொரியாவில் சண்டையிடும் சீனாவுக்கு யுத்தத்துக்கு உதவும் பொருட்களை யாரும் விற்கக்கூடாது என்பதே அது. அந்தப் பொருட்களில் இறப்பரும் ஒன்று. பிரித்தானியாவின் கீழிருந்த மலாயா சீனாவுக்கு இறப்பர் அனுப்புவதை நிறுத்தியது. சீனாவுக்கு இறப்பர் அவசரமாகத் தேவை, விற்க ஆளில்லை.

இந்த இடத்தில்தான் அந்த வீட்டோ நினைவுக்கு வர வேண்டும். ஐ.நா.வில் உறுப்புரிமை இல்லாத இலங்கையை அந்தத் தீர்மானம் கட்டுப்படுத்தவில்லை. நம்மைச் சபைக்குள் விடாமல் தடுத்த சோவியத் யூனியன், தனக்கே தெரியாமல் நமக்கு ஒரு கதவைத் திறந்து விட்டிருந்தது. 1951 இலேயே இலங்கை இறப்பர் சீனாவுக்குப் போகத் தொடங்கியது.

அமெரிக்கா சும்மா இருக்கவில்லை. தடை செய்யப்பட்ட பொருளைக் கம்யூனிச நாடுகளுக்கு விற்கும் எவருக்கும் உதவி இல்லை என்று அங்கே சட்டம் இருந்தது. இறப்பர் மரங்களின் இலை நோய்க்குத் தூவும் கந்தகத்தைக்கூட நமக்குத் தர மறுத்தார்கள். சின்னப் பொருள்தான். ஆனால் பெரிய நாடு சின்ன நாட்டை எந்த இடத்தில் அழுத்தும் என்பதை அது காட்டியது.

*1952: அரிசி இல்லை, காசும் இல்லை*

1952 மார்ச்சில் பிரதமர் டி.எஸ். சேனாநாயக்க காலமானார். மகன் டட்லி சேனாநாயக்க பிரதமரானார். மே மாதம் தேர்தல். பங்கீட்டு அரிசி மலிவு விலையில் கிடைக்க வேண்டும் என்பது அன்றைய மக்களின் முதல் எதிர்பார்ப்பு. டட்லி வென்றார். வென்ற கையோடு நெருக்கடியும் வந்தது. உலகச் சந்தையில் அரிசிக்குத் தட்டுப்பாடு, விலையோ மேலே. இறப்பர் விலையோ கீழே. விற்கும் பொருள் விழுந்து வாங்கும் பொருள் ஏறினால் ஒரு குடும்பத்துக்கு என்ன நடக்குமோ அதுதான் நாட்டுக்கும் நடந்தது. வெளிநாட்டு நாணயக் கையிருப்பு கரைந்தது.

அரசாங்கம் முதலில் போனது அமெரிக்காவிடம்தான். எங்கள் இறப்பரை நியாயமான விலைக்கு வாங்குங்கள், அரிசி தாருங்கள் என்று கேட்டது. வொஷிங்டன் சந்தை விலைக்கு மேல் இறப்பர் வாங்க விரும்பவில்லை. அரிசிக்கு அவர்கள் சொன்ன விலையும் நமக்குக் கட்டுப்படியாகவில்லை.

அப்போதுதான் வர்த்தக அமைச்சர் ஆர்.ஜி. சேனாநாயக்க பீக்கிங்குக்குப் போனார். சீனாவை 1950 ஜனவரியிலேயே இலங்கை அங்கீகரித்திருந்தாலும் இரு நாடுகளுக்கும் இடையே தூதரகம்கூட இருக்கவில்லை. அக்டோபரில் முதலில் 80,000 தொன் அரிசிக்கு ஓர் ஒப்பந்தம். பிறகு டிசம்பர் 18 இல் ஐந்து வருட உடன்படிக்கை. வருடத்துக்கு 270,000 தொன் அரிசியைச் சீனா தரும். வருடத்துக்கு 50,000 தொன் இறப்பரை இலங்கை தரும். இறப்பருக்குச் சந்தை விலையைவிடக் கூடிய விலை, அரிசிக்குச் சந்தை விலையைவிடக் குறைந்த விலை.

இந்த ஒப்பந்தத்தைச் செய்தது யார் என்பதைக் கவனியுங்கள். இடதுசாரிகள் அல்ல. கம்யூனிசத்தைக் கடுமையாக எதிர்த்த ஐக்கிய தேசியக் கட்சி அரசாங்கம். நாட்டில் பிரித்தானியப் படைத்தளங்களை வைத்திருந்த அரசாங்கம். அமைச்சரவைக்குள்ளேயே எதிர்ப்பு இருந்தது. நிதி அமைச்சர் ஜே.ஆர். ஜயவர்தன இதை விரும்பவில்லை. அமெரிக்காவைப் பகைத்தால் பிற்காலத்தில் உதவி கிடைக்காது என்ற பயம் அர்த்தமற்றதும் அல்ல. இருந்தும் டட்லி அரசாங்கம் கையெழுத்திட்டது. மாவோவின் கொள்கையில் அவர்களுக்கு ஈர்ப்பு வந்துவிடவில்லை. சனத்துக்குச் சோறு வேண்டும், தோட்டக்காரனுக்கு விலை வேண்டும். அந்த இரண்டையும் அந்த நேரத்தில் தரத் தயாராக இருந்தது சீனா.

*விலையும் பாதுகாப்பும்*

இதற்கு நாம் விலை கொடுத்தோம். அமெரிக்காவின் பொருளாதார உதவி 1956 வரை நமக்கு வரவில்லை. மற்ற ஆசிய நாடுகள் வாங்கிய காலத்தில் நாம் வெறுங்கையுடன் நின்றோம்.

ஆனால் அதைவிடப் பெரிய அடி ஏன் விழவில்லை? இலங்கை பொதுநலவாயத்தின் உறுப்பு நாடு. பிரித்தானியாவுக்குத் திருகோணமலை தேவைப்பட்டது. தெற்காசியாவுக்கும் தென்கிழக்காசியாவுக்கும் உதவ 1950 இல் நம் தலைநகரில் பிறந்த கொழும்புத் திட்டத்தில் நாம் முக்கிய பங்காளி. அதாவது சீனாவுடன் வியாபாரம் செய்த அதே நேரம் மேற்குடனான கயிறுகள் ஒன்றையும் நாம் அறுக்கவில்லை. ஒரு கயிறு அறுந்தாலும் மற்றது தாங்கும் என்ற நிலையில்தான் சின்ன நாட்டுக்கு "இல்லை" என்று சொல்லும் தைரியம் வருகிறது.

அடுத்து வந்த பிரதமர் சேர் ஜோன் கொத்தலாவல இன்னும் தீவிரமான மேற்கு ஆதரவாளர். 1955 ஏப்ரலில் பாண்டுங் மாநாட்டில், கிழக்கு ஐரோப்பாவில் சோவியத் யூனியன் செய்வதும் காலனித்துவம்தான் என்று பேசி, சூ என்லாய்க்கும் நேருவுக்கும் சங்கடத்தை உண்டாக்கினார். ஆனால் அரிசிக் கப்பல்கள் நிற்கவில்லை. அவரும் உடன்படிக்கையைக் கிழிக்கவில்லை, சீனாவும் கிழிக்கவில்லை. 1956 இல் எஸ்.டபிள்யூ.ஆர்.டி. பண்டாரநாயக்க வந்தார். அவர் நேர் எதிர்த் திசை. பிரித்தானியத் தளங்களை 1957 இல் திருப்பி வாங்கினார், பீக்கிங்குடன் தூதரக உறவை ஏற்படுத்தினார். உடன்படிக்கையையும் புதுப்பித்தார். அமெரிக்க உதவி தொடங்கியதும் அவர் காலத்தில்தான். அரசாங்கங்கள் மாறி மாறி வந்தாலும் அந்த ஏற்பாடு ஐந்து ஐந்து வருடங்களாகப் புதுப்பிக்கப்பட்டு ஏறக்குறைய 30 வருடங்கள் ஓடியது.

வெளிநாட்டுக் கொள்கை ஒரு கட்சியின் சொத்தாக இல்லாமல் நாட்டின் தேவையோடு கட்டப்பட்டிருந்தால் அது தேர்தலுக்குத் தேர்தல் கவிழாது. 1952 தரும் முதல் பாடமாக நான் இதைத்தான் பிள்ளைகளுக்குச் சொல்வேன்.

*ஒப்பந்தம் செய்ய முடியாதது*

இதை ஒரு வெற்றிக் கதையாக மட்டும் சொன்னால் அது முழு வரலாறு ஆகாது. உடன்படிக்கை கையெழுத்தாகி எட்டு மாதத்தில், 1953 ஆகஸ்ட் 12 இல், இந்த நாடு கண்ட மிகப் பெரிய ஹர்த்தால் நடந்தது. காரணம் அதே அரிசிதான். வரவு செலவுத் திட்டத்தில் மானியத்தை வெட்டியதால் ஒரு கொத்து அரிசி 25 சதத்திலிருந்து 70 சதமானது. சனம் வீதிக்கு இறங்கியது, துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் போயின. அமைச்சரவை கொழும்புத் துறைமுகத்தில் நின்ற ஒரு பிரித்தானியப் போர்க்கப்பலில் கூட வேண்டியதாயிற்று. அக்டோபரில் டட்லி பதவி விலகினார்.

வெளியில் நல்ல பேரம் பேசினால் மட்டும் போதாது. வரவுக்கு மேல் செலவு, ஒரே மாதிரியான ஏற்றுமதி, சொந்தமாக விளைவிக்காத சோறு என்ற உள்நாட்டுப் பலவீனங்களை எந்த வெளிநாட்டு உடன்படிக்கையும் குணப்படுத்தாது. அது அவகாசம் வாங்கித் தரும். அந்த அவகாசத்தில் வீட்டைத் திருத்தும் வேலை நம்முடையது.

*வீடு உடைந்தபோது*

இதன் மறுபக்கத்தை 1980களில் பார்த்தோம். 1977 இல் வந்த ஜே.ஆர். அரசாங்கம் மேற்கின் பக்கம் வெளிப்படையாகச் சாய்ந்தது. 1983 ஜூலையில் தமிழ் மக்கள் மீது நடந்த வன்முறைகளுக்குப் பிறகு உள்நாட்டு யுத்தம் விரிந்தது. இயக்கங்களுக்கு இந்தியாவில் பயிற்சி கிடைத்தது. அரசாங்கம் வெளியில் ஆயுதமும் பயிற்சியும் தேடி அலைந்தது.

அந்தத் தேடலில் 1984 இல் கொழும்பிலிருந்த அமெரிக்கத் தூதரகத்துக்குள் இஸ்ரேலிய நலன் பிரிவு ஒன்று திறக்கப்பட்டது. 1970 இல் சிறிமாவோ பண்டாரநாயக்க அரசாங்கம் மூடிய உறவு அது. முஸ்லிம்கள் எதிர்த்ததை நம் ஊர்களின் பெரியவர்கள் நன்றாக அறிவார்கள். அன்றைய வெளிநாட்டமைச்சர் நம் சமூகத்தவரான ஏ.சி.எஸ். ஹமீத் என்பது இதில் இன்னொரு சிக்கல். நம் ஆட்கள் மத்திய கிழக்கில் உழைத்து அனுப்பும் பணம் நாட்டின் பெரிய வருமானங்களில் ஒன்றாக மாறிக்கொண்டிருந்த காலமும் அதுவே. ஒரு பக்கத்தில் பயிற்சி வாங்கப் போய் இன்னொரு பக்கத்தில் அரபு நாடுகளின் அதிருப்தியைத் தேடிக்கொண்டோம். 1990 இல் ஜனாதிபதி பிரேமதாச அந்தப் பிரிவை மூடினார்.

இந்தியா தன் வாசலில் மற்றவர்கள் வந்து நிற்பதைப் பார்த்துக்கொண்டிருக்கவில்லை. 1987 ஜூன் 4 இல் இந்திய விமானங்கள் யாழ்ப்பாணத்தின் மீது உணவுப் பொதிகளைப் போட்டன. எங்கள் வான்பரப்பு, எங்கள் அனுமதி கேட்கப்படவில்லை. எந்தப் பெரிய நாடும் நமக்காக முன்வரவில்லை. ஜூலை 29 இல் ஒப்பந்தம் கையெழுத்தானது. அதோடு சேர்ந்து பரிமாறிய கடிதங்களில் இருந்தது பலருக்குத் தெரியாது. திருகோணமலையையோ வேறு துறைமுகங்களையோ இந்தியாவின் நலனுக்குப் பாதகமாக எந்த நாட்டின் இராணுவமும் பயன்படுத்த விடமாட்டோம் என்றும், திருகோணமலை எண்ணெய்த் தாங்கிகளை இந்தியாவுடன் கூட்டாகப் புனரமைப்போம் என்றும் எழுதிக் கொடுத்தோம்.

1952 இல் பேரம் பேசிய நாடும் 1987 இல் எழுதிக் கொடுத்த நாடும் ஒன்றுதான். வித்தியாசம் எங்கே? 1952 இல் நம் பலவீனம் சோற்றுப் பானையில் இருந்தது, அதற்கு வெளியில் பரிகாரம் தேட முடிந்தது. 1987 இல் பலவீனம் நாட்டு மக்களுக்கிடையிலான உறவில் இருந்தது. ஒரு வீட்டுக்குள் சகோதரர்கள் அடித்துக்கொண்டால் பக்கத்து வீட்டார் கதவைத் தட்டாமல் உள்ளே வருவார்கள். வந்தவர் தன் நலனையும் கூடவே கொண்டு வருவார். அந்த யுத்தத்தின் விலையைத் தமிழரும் சிங்களவரும் கொடுத்தார்கள். வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட நம் மக்களும் கொடுத்தார்கள்.

*இன்றைக்கு*

2017 இல் அம்பாந்தோட்டைத் துறைமுகம் 99 வருடக் குத்தகைக்குப் போனது. "கடன் கட்ட முடியாமல் சீனா பறித்துவிட்டது" என்று பலர் சொல்கிறார்கள். நடந்தது கொஞ்சம் வேறு. குத்தகைக்குக் கிடைத்த சுமார் 112 கோடி டொலர் நாட்டின் வெளிநாட்டு நாணயக் கையிருப்புக்குப் போனது. துறைமுகத்துக்கு வாங்கிய கடன் அப்படியே நின்றது. அன்றைய நம் வெளிநாட்டுக் கடனில் மிகப் பெரிய பங்கு சீனாவுடையதாகவும் இருக்கவில்லை, சர்வதேசச் சந்தையில் முறி விற்று வாங்கியதாக இருந்தது. சீனாவைக் காப்பாற்ற இதைச் சொல்லவில்லை. பிழையான நோயைச் சொன்னால் பிழையான மருந்துதான் கிடைக்கும்.

2022 ஏப்ரலில் கடனைத் திருப்பிச் செலுத்த முடியாது என்று அறிவித்தோம். கேஸுக்கும் பெற்றோலுக்கும் வரிசையில் நின்ற அந்த வருடம் இந்தியா சுமார் 400 கோடி டொலர் பெறுமதியான உதவி தந்தது. அதே வருடம் ஆகஸ்டில் "யுவான் வாங் 5" என்ற சீனக் கப்பல் அம்பாந்தோட்டைக்கு வருவதற்கு இந்தியா ஆட்சேபம் தெரிவித்தது. முதலில் பிற்போடுங்கள் என்றோம், பிறகு வர விட்டோம். கையில் காசில்லாத வீட்டுக்காரர் இரண்டு கடன்காரருக்கு நடுவில் நின்ற நிலை அது. 1952 இல் நம் கையில் இறப்பர் இருந்தது. 2022 இல் பேரம் பேசக் கையில் என்ன இருந்தது?

ஆகவே அடுத்த தடவை ஒரு துறைமுகம், ஒரு மின்திட்டம், ஒரு கடன் பற்றிச் செய்தி வந்தால், யாருடைய பக்கம் என்று சண்டை பிடிப்பதற்கு முன் சில கேள்விகளைக் கேட்போம். இதனால் நம் சனத்துக்கு எந்தத் தேவை நிறைவேறுகிறது? நிபந்தனை என்ன, அது பாராளுமன்றத்தில் வைக்கப்பட்டதா? இந்த ஒருவர் கைவிட்டால் வேறு யாரிடம் போக முடியும்? இதனால் நமக்குக் கிடைக்கும் அவகாசத்தில் எதைத் திருத்தப் போகிறோம்? இந்த நான்கு கேள்விக்கும் பதில் இருந்தால் அது சீனாவிலிருந்து வந்தாலும் இந்தியாவிலிருந்து வந்தாலும் அமெரிக்காவிலிருந்து வந்தாலும் ஏற்கலாம். பதில் இல்லையென்றால் எவ்வளவு நெருங்கிய நண்பர் தந்தாலும் யோசிக்க வேண்டும்.

நம் சமூகத்துக்கும் இதில் ஒரு வேலை இருக்கிறது. உலகத்தில் எங்கே யுத்தம் வந்தாலும் முகநூலில் ஒரு வல்லரசின் கொடியைத் தூக்கிப் பிடிக்கும் பழக்கம் நம்மிடமும் உண்டு. அநியாயத்தை அநியாயம் என்று சொல்வது கடமை. அதற்காக வேறொரு வல்லரசின் இரசிகராக வேண்டியதில்லை. அவர்களுக்கு நம் பெயர்கூடத் தெரியாது. பக்கத்துத் தெருத் தமிழரோடும் அடுத்த ஊர்ச் சிங்களவரோடும் நாம் எப்படி இருக்கிறோம் என்பதுதான் இந்த நாட்டின் பாதுகாப்பில் நம் கையில் உள்ள பங்கு.

கூப்பன் காலத்தில் சங்கக்கடையில் சீனத்து அரிசி வாங்கிய நினைவுள்ள மூத்தவர்கள், இறப்பர் வியாபாரம் செய்த குடும்பத்தினர் இருந்தால் கீழே எழுதுங்கள். பாடப்புத்தகத்தில் இல்லாதது உங்களிடம் இருக்கும், நம் பிள்ளைகள் அதை வாசிக்கட்டும்.